இணைப்பு மூன்று

மணி பத்து முப்பத்தாறு. மூன்றாவது வினா ஓடிக்கொண்டிருக்கிறது, என்னுடையது ஆறாவது. பதினொரு மணிக்குக் கேள்வி நேரம் முடிந்துவிடும். அதற்குள் எடுக்கப்படாத வினாக்களுக்கெல்லாம் பதில் பேரவை முன் வைக்கப்பட்டதாகக் கொள்ளப்படும், அதாவது யாரும் எழுந்து நிற்க வேண்டாம், யாரும் வாய் திறக்க வேண்டாம், காகிதம் காகிதத்தோடு போய்ச் சேர்ந்துவிடும். இருபத்து நான்கு நிமிடம். ஒரு வினாவுக்கு எட்டு நிமிடம் என்று போனால் என் முறை வராது, ஆறு நிமிடம் என்று போனால் வந்துவிடும். கல்லூரியில் கேள்வித்தாளைப் பிரித்ததும் மதிப்பெண்ணையும் நிமிடத்தையும் வகுத்துப் பார்த்த பழக்கம் இன்னும் போகவில்லை. அப்போது நேரம் போதாதே என்று பயந்தேன். இப்போது நேரம் தீர்ந்துவிடட்டும் என்று வேண்டிக்கொண்டிருக்கிறேன். நானே எழுதிக் கொடுத்த கேள்வி, நானே மூன்று முறை போய் நின்று வரவழைத்த கேள்வி, அது வரக் கூடாது என்று. பக்கத்து இருக்கையில் ஆண்டியப்பன் அண்ணன் இன்ஹேலரை மூக்கில் வைத்து உறிஞ்சுகிறார். நான்காம் முறை சட்டமன்றத்துக்கு வந்திருப்பவர், உட்கார்ந்துகொண்டே நிமிர்ந்த தலையோடு தூங்கத் தெரிந்தவர். "என்ன தங்கச்சி, காலை ஆட்டிக்கிட்டே இருக்கே? பெஞ்சே ஆடுது. உன் ஆட்டத்துல என் தூக்கம் போச்சு." நிறுத்தினேன். அவர் கேட்டதற்காக உதவியாளர் கொண்டுவந்த தண்ணீரில் எனக்கும் ஒரு தம்ளர் வைத்துவிட்டுப் போயிருக்கிறார். அதைப் பார்க்காமல் இருக்கப் பார்க்கிறேன். காலையிலிருந்து ஒரு வாய் தண்ணீர் குடிக்கவில்லை, குடிக்காததற்குக் காரணமும் என் கேள்விதான்.

என் கேள்வி சின்னது. நெடுங்கரை மாநகராட்சி, பெரிய கடைவீதி காய்கறி அங்காடியில் இருந்த மகளிர் கழிப்பறை இடிக்கப்பட்டதை அரசு அறியுமா, ஆம் எனில் அதை மீண்டும் கட்டித்தர அரசு ஆவன செய்யுமா. அவ்வளவுதான். நான் நான்கு வருடம் மேயராக இருந்த ஊர். நான் அங்கிருந்து சட்டமன்றத்துக்கு வந்து ஆறு மாதம் கழித்து, ஐப்பசி மழைக்கு முந்தின வாரத்தில், இயந்திரம் வந்து இடித்தது. நான் இருந்திருந்தால் விட்டிருப்பேனா என்று நிருபரிடம்கூடச் சொன்னேன், அந்த வாக்கியம் அச்சில் இருக்கிறது, என் படத்தோடு இருக்கிறது. இன்று காலை ஏழு மணிக்கு, விடுதி அறையில் புடவை மடிப்பை வாயில் கவ்விக்கொண்டு நிற்கும்போது போன் வந்தது. கிருபாகரன். மாநகராட்சியில் மன்றக் கூட்ட வேலைகளைப் பார்க்கும் எழுத்தர், வரும் சித்திரையில் ஓய்வு. "மேடம், அமைச்சர் ஆபீஸ்ல இருந்து அந்தக் கழிப்பறை தீர்மானத்தோட நகல் கேட்டாங்க மேடம். எடுத்துக் குடுத்தேன். நூத்தி நாப்பத்தேழாம் நம்பர் தீர்மானம், இணைப்பு மூணு. நீங்க போட்ட கையெழுத்துதான் மேடம் இருக்கு." எந்தத் தீர்மானம் என்று கேட்டேன், கேட்கும்போதே தெரிந்துவிட்டது. படியில் இன்னும் ஒரு படி இருக்கிறது என்று நினைத்துக் காலை வைத்து, அங்கே தரை இருந்தால் உடம்பு அதிருமே, அப்படி. "எனக்கு நேத்து பதினேழு பி-ல குற்றச்சாட்டு மெமோ குடுத்துட்டாங்க மேடம். இணைப்பை மேயர் பார்வைக்கு வைக்கலைன்னு. விசாரணை முடியிற வரைக்கும் ரிட்டயர் ஆக விடமாட்டாங்க." அப்புறம் குரலைத் தாழ்த்தினார். "அன்னிக்கி நான் கேட்டேன்ல மேடம்?" நான் சொன்னேன், "சார், சரியாக் கேக்கல சார், அப்புறம் கூப்பிடுறேன்." நன்றாகக் கேட்டது. அவர் வீட்டில் குக்கர் விசில் அடித்ததுகூடக் கேட்டது.

அரை மணி கழித்து அமைச்சரின் உதவியாளர். இவர் குரலில் எப்போதும் ஒரு சிரிப்பு தயாராக இருக்கும். "மேடம், டென்சனே ஆகாதீங்க. பதில்ல உங்க பேரே வராது. கட்டடம் பழுது, எழுத்தர் கவனக்குறைவு, நடவடிக்கை எடுத்தாச்சு, அவ்வளவுதான். நீங்க துணைக் கேள்வியில புதுசா கட்டித் தருவீங்களான்னு மட்டும் கேளுங்க. அமைச்சர் அண்ணன் அங்கேயே அறிவிச்சுருவாரு. ஊர்ல போய் வெடி போடுங்க." எவ்வளவு நல்ல ஏற்பாடு. கழிப்பறை வந்துவிடும், அது என் கேள்வியால் வந்தது என்று வரும், கல்வெட்டில் முன்னிலை என்ற சொல்லுக்குக் கீழே என் பெயர் வரும். ஒரே ஒரு ஆள் மட்டும் சித்திரையில் வீட்டுக்குப் போக மாட்டார். நன்றி சார் என்று சொன்னேன். அதையும் சொன்னேன். சொல்லிவிட்டுப் போய்க் குளியலறையில் உட்கார்ந்தேன், ஒன்றும் வரவில்லை. கிளம்பும் முன் இன்னொரு தடவை போனேன், அப்போதும் வரவில்லை. அடிவயிறு கல் மாதிரி இருந்தது, இப்போதும் இருக்கிறது, அம்மா போட்ட சாபம் நினைவுக்கு வந்தது. நான் சாபத்தை நம்புகிறவள் இல்லை. ஆனால் தண்ணீர் குடிக்கப் பயமாக இருந்தது, போனது வெளியே வராவிட்டால் என்ன செய்வது.

அம்மா பவுனம்மாள், பெரிய கடைவீதி அங்காடியில் கத்தரிக்காயும் அவரைக்காயும் விற்கிறாள், மேயருக்கு அம்மாவாக இருந்தபோதும் விற்றாள், இப்போதும் விற்கிறாள். காலை நாலு மணிக்குக் கடை போட்டால் மதியம் இரண்டு வரை ஒரு சொட்டுத் தண்ணீர் குடிக்க மாட்டாள், அங்கே எந்தப் பெண்ணும் குடிக்க மாட்டாள். நாக்கு வறண்டால் ஒரு துளி புளியை வாயில் அடக்கிக்கொள்வார்கள். எனக்கும் சின்ன வயதிலேயே அந்தப் பழக்கம் வந்துவிட்டது, விடுமுறையில் தராசுக்குப் பக்கத்தில் உட்காருகிறவளுக்கு வேறு வழி என்ன. பிறகு கழிப்பறை வந்தது, நான் ஒன்பதாவது படிக்கும்போது, மூன்று கதவு, ஒரு தொட்டி, பச்சை வண்ணம். திறந்த அன்று அம்மா காலை எட்டு மணிக்கு ஒரு சொம்பு மோர் குடித்தாள். கடை வைத்து நடத்திய பதினெட்டு வருடத்தில் முதல் தடவை காலையில் குடிக்கிறேன் என்று அவளே சொன்னாள். அதைத்தான் இடித்தார்கள். அந்த இடத்தில் இப்போது இருசக்கர வாகனம் நிறுத்துகிறார்கள். பெண்கள் வெங்காய மண்டிக்குப் பின்னால் போகிறார்கள், இரண்டு பேர் சாக்கைப் பிரித்துப் பிடித்துக்கொள்ள ஒருத்தி உட்காருவாள். அதற்கு முறை வைத்திருக்கிறார்கள், செவ்வாய் இவள், புதன் அவள். ஆவணியில் வாழை இலைக் கடை சரோஜா அக்காவின் மருமகள் நிறைமாதத்தில் அந்தச் சாக்குக்குப் பின்னால் வழுக்கி விழுந்தாள், நல்லவேளை ஒன்றும் ஆகவில்லை. இல்லை, ஆவணி இல்லை, இடித்ததே ஐப்பசியில், அப்படியானால் மார்கழி. எனக்கு மாதம் குழம்புகிறது. மார்கழிதான், அம்மா போனில் சொன்னபோது பின்னால் கோயில் ஒலிபெருக்கி கேட்டது. "எந்தப் பாவி கையெழுத்துப் போட்டானோ, அவனுக்கு மூத்திரம் அடைச்சுக்கிட்டு நிக்கணும். நின்னு துடிக்கணும். அப்பத் தெரியும் அவனுக்கு. நீ கேளு புள்ள, பெரிய சபையில நின்னு கேளு. எவன்னு கேளு." கேட்கிறேன் அம்மா என்றேன். கேட்பதற்கு எழுதியும் கொடுத்தேன்.

கைதட்டல். மூன்றாவது வினா முடிந்திருக்கிறது, பத்து நாற்பத்தொன்று. நான்காவது பேருந்துப் பணிமனை பற்றியது. கேட்கிற உறுப்பினர் முதலில் தலைவருக்கு நன்றி சொல்கிறார், தொகுதி மக்களுக்கு, மாவட்டத்துக்கு, தன்னைப் பெற்றவர்களுக்கு. போன வாரம் ஆண்டியப்பன் அண்ணன் எனக்குச் சொன்ன பாடம் இது. "நன்றியிலயே ஆரம்பிக்கணும் தங்கச்சி. நன்றி சொல்லி முடிக்கிறப்போ கேட்க வந்ததே நமக்கு மறந்துரணும். அதான் கட்சிக்கு நல்லது." சொல்லிவிட்டு அவரே சிரித்தார், நானும் சிரித்தேன், சிரித்த பிறகு அது வேடிக்கையா உண்மையா என்று இரண்டு நாள் யோசித்தேன். சொல்லுங்கள் ஐயா, இன்னும் நன்றி சொல்லுங்கள், உங்கள் ஒன்றுவிட்ட சித்தப்பாவுக்கும் சொல்லுங்கள். பேரவைத் தலைவர், "கேள்விக்கு வாங்க, கேள்விக்கு வாங்க" என்கிறார். இங்கே அவர்தான் உயரத்தில் இருக்கிறார். நெடுங்கரையில் நான் உயரத்தில் இருந்தேன். சிவப்பு அங்கி, கழுத்தில் சங்கிலி, முன்னால் வெள்ளிச் செங்கோல் ஏந்திக்கொண்டு ஒருவர், நான் உள்ளே நுழையும்போது வணக்கத்துக்குரிய மேயர் என்று அவர் கூவுவார், எல்லோரும் எழுவார்கள். முதல் நாள் அங்கியின் கை நீளமாக இருந்தது, ஊக்கு குத்திக்கொண்டு உட்கார்ந்தேன். அந்த ஊக்கு கழன்றுவிடுமோ என்ற பயத்திலேயே முதல் கூட்டம் போயிற்று, என்ன பேசினார்கள் என்று ஒன்றும் ஏறவில்லை. மறுநாள் அம்மா கேட்டாள், "அந்தச் சங்கிலி நம்மளதா, கழட்டிக் குடுத்துரணுமா?"

என்னை ஏன் மேயராக்கினார்கள் என்பது எனக்குத் தெரியும். பெண்ணுக்கு ஒதுக்கிய இடம், பத்தொன்பதாவது வட்டத்தில் நான் ஜெயித்திருந்தேன், மாவட்டச் செயலாளருக்குத் தன் வீட்டுப் பெண்ணை வைக்க முடியாத ஒரு சிக்கல். "யோகலட்சுமி படிச்ச புள்ள, வாயைத் தொறக்காது" என்று அவர் சொன்னது அடுத்த அறையில் இருந்த எனக்குக் கேட்டது. படித்த புள்ள என்றதில் சந்தோஷப்பட்டேன், மீதியைக் கேட்காத மாதிரி இருந்துகொண்டேன். முதல் பட்டதாரிச் சான்றிதழ் வாங்கத் தாலுகா அலுவலகத்துக்கு நாலு நடை நடந்தபோது, உங்கள் குடும்பத்தில் வேறு யாருமே பட்டம் வாங்கவில்லை என்பதற்கு என்ன அத்தாட்சி என்று கேட்டார்கள். இல்லாததற்கு எப்படி அத்தாட்சி கொடுப்பது. அம்மா தன் கட்டைவிரலைக் காட்டினாள், மை இன்னும் காயாத விரல். அந்தச் சான்றிதழ் வந்த நாளிலிருந்து ஒரு பயம் கூடவே வருகிறது, இவள் சலுகை வழியாக வந்துவிட்டாள், தகுதியால் வரவில்லை என்று யாராவது கண்டுபிடித்துவிடுவார்கள் என்று. அதனால் படித்தேன். மன்றக் கூட்டத்துக்கு வரும் தீர்மானப் பொருள்களை எல்லாம் முந்தின நாளே வீட்டுக்குக் கொண்டுபோய் வரி வரியாகப் படித்து, பென்சிலால் குறித்து. மற்ற மன்றங்களில் எப்படி என்று எனக்குத் தெரியாது, எங்கள் மன்றத்தில் எழுபது பொருள் இருந்தாலும் பத்து நிமிடம்தான். யாராவது ஒருவர் கைதூக்கி "ஆல் பாஸ்" என்பார், எல்லோரும் மேஜையைத் தட்டி "ஆல் பாஸ், ஆல் பாஸ்" என்பார்கள், அப்புறம் முறுக்கும் டீயும். நான் நடுவில் நிறுத்தி முப்பத்தி இரண்டாவது பொருளில் ஒரு சந்தேகம் என்பேன். துணை மேயர் பாண்டிதுரை குனிந்து, எல்லோருக்கும் கேட்கிற ரகசியத்தில் சொல்வார், "மேயரம்மா, இது பரீட்சை இல்லம்மா. பாஸ் போட்டாச்சு, திருத்துறதுக்கு யாரும் உக்காந்திருக்கல." சிரிப்பு. நான்கு வருடத்தில் அந்தச் சிரிப்பு எத்தனை தடவை. தோல் தடிக்கும் என்றார்கள், எனக்குத் தடிக்கவில்லை, ஒவ்வொரு தடவையும் காது சுட்டது.

அந்தக் கடைசிக் கூட்டம் மாசி மாதம். தேர்தல் தேதி அறிவித்துவிட்டால் எதுவும் நிறைவேற்ற முடியாது என்று இருந்த எல்லாவற்றையும் அள்ளிக் கொண்டுவந்து கொட்டியிருந்தார்கள், நூற்று ஐம்பத்து மூன்று பொருள். அதையும் படித்தேன், இரண்டு இரவு உட்கார்ந்து படித்தேன், நூற்று நாற்பத்தேழாவது பொருளையும் படித்தேன், அது இரண்டே வரி. பழுதடைந்த கட்டடங்களை இணைப்பு மூன்றில் கண்டவாறு இடித்து அப்புறப்படுத்த மன்றத்தின் அனுமதி. இணைப்புகள் கூட்டத்தன்றுதான் வந்தன, தனிக்கட்டாக. அவை வந்து மேஜையில் இருக்கும்போது என் போனில் ஒரு வரி வந்தது. மாவட்டச் செயலாளர். உன் பேர் மேலே போயிருக்கு, வெளியே சொல்லாதே. எம்.எல்.ஏ. பட்டியலில் என் பெயர். எழுத்துகள் கொஞ்சம் நீந்தின. நான் அதையே மறுபடி மறுபடி படித்துக்கொண்டிருந்தேன், அந்த ஒரு வரியைப் பதினைந்து தடவை படித்திருப்பேன். மேஜையைத் தட்டுகிறார்கள், ஆல் பாஸ், ஆல் பாஸ், பாண்டிதுரை என்னைப் பார்த்து, "இன்னைக்காவது டீயைச் சூடாக் குடிக்க விடுங்கம்மா" என்கிறார், எல்லோரும் சிரிக்கிறார்கள், அந்த ஒரு நாள் நானும் அவர்களோடு சேர்ந்து சிரித்தேன், சேர்ந்து சிரிப்பது எவ்வளவு சுகமாக இருந்தது. கிருபாகரன் பதிவேட்டைத் திறந்து என் முன்னால் வைத்தார். கையெழுத்துக்கு முன் எப்போதும் கேட்கிற கேள்வியைக் கேட்டார், நான்கு வருடமும் ஒரு தடவைகூட விடாமல் கேட்டவர், "மேடம், இணைப்பெல்லாம் பாத்துட்டீங்களா?" கட்டின் மேல் நாடா முடிச்சு அவிழ்க்கப்படாமல் இருந்தது. அது அவருக்கும் தெரிந்தது, எனக்கும் தெரிந்தது. "பாத்துட்டேன் சார்" என்றேன். அவர் முடிச்சை ஒரு தடவை பார்த்தார், என்னைப் பார்த்தார், பேனாவைத் திறந்து கொடுத்தார். மேயர் பார்த்துவிட்டேன் என்று சொன்ன பிறகு ஒரு எழுத்தர் என்ன செய்வார். இன்று காலை அவர் அனுப்பிய படத்தில் பார்த்தேன், வரிசை எண் எண்பத்தெட்டு. பெரிய கடைவீதி அங்காடி, மகளிர் கழிப்பறை, பழுது. ஒளிவு மறைவு ஒன்றும் இல்லை. ஒரு பக்கம் புரட்டி, இன்னொரு பக்கம் புரட்டியிருந்தால் போதும். மூன்று நிமிடம்.

பத்து ஐம்பது. ஐந்தாவது வினா. கால்நடை மருந்தகம். எழுந்திருப்பவர் நன்றாகப் பேசுவார், நீட்டிப் பேசுவார். நீட்டுங்கள். "எங்க ஊர்ல மாட்டுக்குக் காய்ச்சல்னா இருபது கிலோமீட்டர் நடத்திக் கூட்டிட்டுப் போகணும், போய்ச் சேர்றதுக்குள்ள மாட்டுக்குக் குணமாயிடுது, கூட்டிட்டுப் போனவனுக்குக் காய்ச்சல் வந்துடுது." அவை சிரிக்கிறது, முதலமைச்சர் இருக்கையில் இருப்பவரும் சிரிக்கிறார், ஆண்டியப்பன் அண்ணன் தூக்கத்திலேயே சிரிக்கிறார். இது நல்லது, சிரித்தால் நேரம் போகும். போனால் என்ன ஆகும் என்று ஒழுங்காக யோசித்துப் பார்க்கிறேன். என் முறை வராது. பதில் மேஜையில் வைக்கப்படும். எழுத்தரின் கவனக்குறைவு என்று அச்சாகும். நான் எதுவும் சொல்லவில்லை, எனவே பொய் சொல்லவில்லை. இப்படித்தான் நினைத்துக்கொள்வேன் என்று எனக்கே தெரிகிறது, நினைத்துக்கொள்ளும் குரல்கூடத் தெரிகிறது, கொஞ்சம் கம்மலான, நியாயமான குரல். அவருக்காகப் பின்னால் பேசிக்கொள்ளலாம், ஆணையரிடம் சொல்லி மெமோவை மெதுவாக முடித்துவிடலாம். முடித்துவிடலாம் என்பது என்ன? அவர் செய்யாத தப்பை மன்னித்துவிடுவது. மன்னிக்கிறவள் நான். உண்மையைச் சொன்னால் என்ன ஆகும் என்றும் யோசிக்கிறேன். அமைச்சர் தயாராக வைத்திருக்கும் அறிவிப்பை மடித்துப் பைக்குள் வைத்துவிடுவார், கழிப்பறை போகும். அங்காடியில் அறுபது பெண்கள் சாக்கு பிடித்துக்கொண்டே இருப்பார்கள், யோகலட்சுமி மட்டும் சுத்தமாக இருப்பாள். அதுவும் ஒரு சுயநலம்தானே. கிருபாகரன் ஒருத்தர், பெண்கள் அறுபது பேர். கணக்குப் போட்டால் யார் பக்கம் என்பது தெளிவு. ஆனால் இந்தக் கணக்கை எனக்குப் போட்டுக் கொடுத்தது யார்? காலையில் சிரித்துக்கொண்டே பேசிய அந்த உதவியாளர். ஒருத்தரைக் கொடுத்தால் அறுபது பேருக்குக் கிடைக்கும் என்று யார் சட்டம் எழுதியது, நான்தான் தலையை ஆட்டி அதைச் சட்டமாக்கினேன், படிக்காமலே, இதையும் ஆல் பாஸ் போட்டிருக்கிறேன். அப்புறம் அம்மா. கேள்வி நேரம் நேரடியாக ஒளிபரப்பாகிறது. சரோஜா அக்காவின் போனை இலைக்கட்டின் மேல் சாய்த்துவைத்து இப்போது எல்லோரும் சுற்றி நிற்பார்கள், நேற்றே சொன்னாள் அம்மா, "நீ நிக்கிறதப் பாக்கணும், வெள்ளைப் புடவை வேணாம், கலராக் கட்டு." கத்தரிப்பூ நிறத்தில் கட்டியிருக்கிறேன். எவன் அந்தப் பாவி என்று பார்க்க நிற்கிறாள். என் பயமெல்லாம் மாவட்டச் செயலாளர் இல்லை, அடுத்த தேர்தல் இல்லை, இதையும் நேர்மையாகவே சொல்லிக்கொள்கிறேன், அவையும் இருக்கின்றன, ஆனால் அடிவயிற்றில் கல்லாக உட்கார்ந்திருப்பது அவளுடைய முகம். சாபம் போட்ட பிறகு அது யாருக்கு என்று தெரிந்தால் ஒரு முகம் எப்படி மாறும்.

"அடுத்து, வினா எண் ஆறு. மாண்புமிகு உறுப்பினர் யோகலட்சுமி." கடிகாரத்தைப் பார்க்கிறேன், பத்து ஐம்பத்தைந்து. மாட்டுக் காய்ச்சல் உறுப்பினர் ஐந்தே நிமிடத்தில் முடித்துவிட்டார். எழுந்தேன், "வினா எண் ஆறு" என்றேன், உட்கார்ந்தேன், இது வழக்கம். அமைச்சர் வாசிக்கிறார். அறியும். பழுதடைந்திருந்ததாலும் எழுத்தர் ஒருவரின் கவனக்குறைவால் மேயரின் பார்வைக்கு இணைப்பு வைக்கப்படாததாலும். சம்பந்தப்பட்ட எழுத்தர் மீது. துறைரீதியான. சொற்கள் ஒவ்வொன்றும் நன்றாக இஸ்திரி போட்டவை. "துணைக் கேள்வி" என்கிறார் பேரவைத் தலைவர். எழுந்தேன். முன்னால் இருக்கும் ஒலிவாங்கியில் சிவப்பு விளக்கு வந்தது. ஆண்டியப்பன் அண்ணன் கண்ணைத் திறக்காமலே, "நன்றி, நன்றி" என்று எடுத்துக் கொடுக்கிறார். "பேரவைத் தலைவர் அவர்களே, அந்தத் தீர்மானத்தில் கையெழுத்துப் போட்டது நான்தான். எழுத்தர் இணைப்பை என் முன்னால் வைத்தார். நான் படிக்கவில்லை." குரல் என்னுடையதாக இல்லை, சின்ன வகுப்பில் ஒப்பிக்கிற குரல். ஏதோ ஒரு பக்கத்தில் சலசலப்பு, எதிர் வரிசையில் ஒருவர், "ஆகா, இன்னொரு தடவை சொல்லுங்க!" என்கிறார். பேரவைத் தலைவர் மணியைத் தட்டினார். "உறுப்பினர் அவர்களே, இது கேள்வி நேரம். விளக்கமெல்லாம் சொல்லக் கூடாது. கேள்வி இருந்தா கேளுங்க, இல்லாட்டி அது அவைக் குறிப்பில் ஏறாது." ஏறாது. சொன்னது சொல்லாததாகிவிடும். என் முன்னால் ஒரு வழி, உட்கார்ந்துவிடலாம், சொல்லிவிட்டேன் என்ற நிம்மதியோடும், எதுவும் பதிவாகவில்லை என்ற பாதுகாப்போடும். கிருபாகரனுக்கு வேண்டியது என் நிம்மதி இல்லை, விசாரணையில் எடுத்துக் காட்ட ஒரு அச்சடித்த தாள். "கேள்விதான் ஐயா" என்றேன். "நெடுங்கரை மன்றத்தின் நூற்று நாற்பத்தேழாவது தீர்மானத்தில், இணைப்பைப் பார்த்தீர்களா என்று எழுத்தர் கேட்டதையும், பார்த்துவிட்டேன் என்று அன்றைய மேயர் யோகலட்சுமி அவரிடம் பொய் சொன்னதையும் அரசு அறியுமா? அறியாது எனில், இப்போது அறிந்துகொண்ட பிறகு, அந்த எழுத்தருக்குக் கொடுத்த மெமோவைத் திரும்பப் பெற்று, அவர் சித்திரையில் ஓய்வுபெற அரசு ஆவன செய்யுமா? அந்த மேயர் செய்த தப்புக்கு அங்காடியில் கடை போடும் பெண்களைத் தண்டிக்காமல், அந்தக் கழிப்பறையை அதே இடத்தில் கட்டித்தர அரசு ஆவன செய்யுமா?"

உட்கார்ந்தேன். சிவப்பு விளக்கு அணைந்தது. குறிப்பெடுக்கிறவர்களின் மேஜையில் ஒருவர் தலையைத் தூக்காமல் எழுதிக்கொண்டே இருந்தார், மேயர் என்ற சொல்லுக்கு வந்திருப்பார், பொய் என்ற சொல்லுக்கு வந்திருப்பார், கேள்வியாகத்தானே இருக்கிறது, எழுதத்தான் வேண்டும். ஆண்டியப்பன் அண்ணன் கண்ணை முழுதாகத் திறந்திருந்தார். "அடிப்பாவி" என்றார், மெதுவாக, திட்டாகவும் இல்லாமல் பாராட்டாகவும் இல்லாமல். பிறகு தன் இன்ஹேலரை எடுத்துக்கொண்டு அரை அடி தள்ளி உட்கார்ந்தார். அமைச்சர் எழுந்து அதிகாரிகள் இருக்கும் பக்கம் பார்க்கிறார், அங்கிருந்து துண்டுச்சீட்டு எதுவும் வரவில்லை, தொண்டையைச் செருமுகிறார். ஆவன செய்யுமா, செய்யாதா, கனிவுடன் பரிசீலிக்குமா, எனக்குத் தெரியாது. பத்து ஐம்பத்தெட்டு. இலைக்கட்டின் மேல் சாய்த்த போனைச் சுற்றி நிற்பவர்கள் எல்லோரும் இப்போது அம்மாவைப் பார்ப்பார்கள். அவளுக்கு ஆள் தெரிந்துவிட்டது. இனி திட்டினால் பெயர் சொல்லித் திட்டலாம், அதற்காவது நான் அவளுக்கு உதவியிருக்கிறேன். தம்ளரை எடுத்தேன், ஒரே மூச்சில் குடித்தேன்.